ஆராய்ச்சி மணியும் ஆதனூர் நாய்க்குட்டியும்

திருவாரூர்த் தியாகராசர் கோயிலை ஒட்டி, மனுநீதிச் சோழன் கதையைச் சொல்லும் கல்தேர் ஒன்று நிற்கிறது. காவிரிப் படுகையில் பிறந்து வளர்ந்தவர்களிடம் மனிதனுக்கும் விலங்குக்கும் உள்ள உறவைப் பற்றி இலக்கியம் என்ன சொல்கிறது என்று கேட்டால், பத்தில் எட்டுப் பேர் இந்தக் கதையைத்தான் சொல்வார்கள். பள்ளிப் பாடத்திலும் பட்டிமன்றத்திலும் தேர்தல் மேடையிலும் அந்தப் பசு இன்றுவரை மணியடித்துக்கொண்டுதான் இருக்கிறது. கதையின் பெருமையை நான் மறுக்கவில்லை. ஆனால் சோழநாட்டு நூல்களைத் திரும்பத் திரும்பப் படிக்கும்போது ஓர் எண்ணம் எனக்கு வலுத்துக்கொண்டே வருகிறது. நம் இலக்கியத்தில் விலங்குகள் பெரும்பாலும் மனிதனுக்காகச் சாட்சி சொல்லவே வருகின்றன. இவன் நீதிமான், இவன் அருளாளன், இவன் மெய்யடியான் என்று நிறுவிய பிறகு அவை பாட்டைவிட்டுப் போய்விடுகின்றன. எதையும் நிறுவ வேண்டிய கடமை இல்லாமல், தன்பாட்டுக்குத் தின்று, உறங்கி, குட்டி ஈன்று கிடக்கிற விலங்கைப் புலவர்கள் எங்கே பார்த்தார்கள் என்று தேடினேன். கிடைத்த இடங்கள் குறைவு. அவற்றுள் ஒன்று நான் சற்றும் எதிர்பாராத இடம்.

முதலில் பசுவின் வழக்கையே எடுத்துக்கொள்வோம். சிலப்பதிகாரத்தில் இக்கதை மூன்று அடிகளுக்குள் முடிந்துவிடுகிறது. பாண்டியன் அவையில் தன் ஊர் எது என்று சொல்லவந்த கண்ணகி,

வாயிற் கடைமணி நடுநா நடுங்க
ஆவின் கடைமணி உகுநீர் நெஞ்சுசுடத் தான்தன்
அரும்பெறற் புதல்வனை ஆழியின் மடித்தோன்

ஆண்ட பெரும்பெயர்ப் புகார் என் ஊர் என்கிறாள். மணியின் நாக்கு நடுங்குகிறது, பசுவின் கண்ணீர் அரசனின் நெஞ்சைச் சுடுகிறது, மகன் தேர்க்காலில் மடிகிறான். கன்றைப் பற்றி ஒரு சொல்லும் இல்லை. அது கண்ணகிக்குத் தேவையும் இல்லை. அவளுக்கு வேண்டியது, ஒரு பசுவுக்குக் கிடைத்த நீதி தன் கணவனுக்குக் கிடைக்கவில்லை என்று காட்டுவது. பெரியபுராணத்தில் சேக்கிழார் இதே கதையைத் திருவாரூரில் வைத்து விரித்துச் சொல்கிறார். துள்ளி ஓடிய கன்று தேர்க்காலில் அகப்படுவதும், தாய்ப்பசு கதறிச் சோர்ந்து விழுவதும், பிறகு எழுந்து அரண்மனை வாயிலுக்குப் போய்க் கொம்பால் மணியை அடிப்பதும் கண்முன் நடப்பவைபோல வருகின்றன. அமைச்சர்கள் மறையவர் விதித்த கழுவாய் செய்தால் போதும் என்கிறார்கள். அதற்கு மன்னன் சொல்லும் மறுமொழிதான் அந்தப் பகுதியின் உயிர்: என் மகன் கொன்றால் தவம் செய்து தீர்த்துக்கொள்ளலாம், அயலான் ஓர் உயிரைக் கொன்றால் அவனைக் கொல்வேன் என்றால், அது எந்த ஊர் நீதி? கொல்லப்பட்டது கன்று என்பதை அவன் ஒரு சலுகையாகக்கூட எடுத்துக்கொள்ளவில்லை. உயிர் என்ற ஒரே கணக்கில் வைத்துவிடுகிறான். தண்டனையை நிறைவேற்றப் பணிக்கப்பட்ட அமைச்சர் தன் உயிரை விடுகிறார்; பிறகு அரசனே தேரைச் செலுத்துகிறான். இறுதியில் திருவாரூர்ச் சிவனான வீதிவிடங்கப் பெருமான் காட்சி தந்து கன்றையும் மகனையும் அமைச்சரையும் எழுப்பித் தருகிறார். இவ்வளவும் நடக்கும்போது அந்தப் பசு என்ன செய்துகொண்டிருந்தது, மகன் இறந்ததால் அதற்கு ஏதேனும் ஆறுதல் கிடைத்ததா என்ற கேள்வி இரண்டு நூல்களிலும் எழுவதில்லை. வழக்கைத் தொடுத்தது பசு. தீர்ப்பு முழுக்க முழுக்க அரசனைப் பற்றியது.

புறாவின் கதையும் இப்படித்தான் பயன்பட்டது. சோழர்களைப் புகழும் புலவர்களுக்கு, புறாவைக் காக்கத் தன் சதையையே கொடுத்த முன்னோன் சிபியின் நினைவு கைவசமே இருந்தது. ஆனால் கோவூர்கிழார் புறநானூற்று 46ஆம் பாட்டில் அந்தக் கதையை எடுத்தாளும் விதம் வேறு. சோழன் கிள்ளிவளவன், பகைவனான மலையமானின் சிறுபிள்ளைகளை யானைக் காலில் இட்டுக் கொல்லத் துணிந்து நிற்கிறான். புலவர் குறுக்கே வருகிறார். நீ ஒரு புறாவின் துன்பத்தைத் தீர்த்தவன் வழியில் வந்தவன். இவர்களோ புலவர் வறுமைக்கு அஞ்சித் தம்மிடம் உள்ளதைப் பகுத்துண்டவர் வீட்டுப் பிள்ளைகள் என்கிறார். அடுத்து வருவது தமிழில் மிகக் குரூரமான, மிக மென்மையான காட்சிகளில் ஒன்று: அந்தப் பிள்ளைகள் யானையைப் பார்த்த வியப்பில் தங்கள் அழுகையை மறந்துவிட்டார்கள். தங்களைக் கொல்ல நிற்கும் விலங்கைக் குழந்தைகள் வேடிக்கை பார்க்கிறார்கள். 'கேட்டனை ஆயின் நீ வேட்டது செய்ம்மே' என்று புலவர் முடித்துக்கொள்கிறார். சொன்னதைச் சொல்லிவிட்டேன், இனி உன் விருப்பம். இந்தப் பாட்டில் புறா ஒரு வாதம், யானை ஒரு கொலைக்கருவி. ஆனால் பிள்ளைகளின் கண்ணுக்கு மட்டும் யானை யானையாகத் தெரிகிறது. கோவூர்கிழார் இதை உணர்ந்தே எழுதினாரா என்று எனக்குச் சொல்லத் தெரியாது. என்றாலும் அந்த ஒரு நொடிக்காகவே இந்தப் பாட்டைப் பலமுறை படித்திருக்கிறேன்.

பக்தி இலக்கியத்துக்கு வந்தால் படுகை முழுக்க விலங்குகள்தான். திருவானைக்காவில் யானையும் சிலந்தியும், திருவெறும்பூரில் எறும்பு, திருந்துதேவன்குடியில் நண்டு, மயிலாடுதுறையில் மயில், புள்ளிருக்குவேளூரில் சம்பாதியும் சடாயுவும் என்று ஊருக்கு ஓர் உயிர் வழிபட்டிருக்கிறது. பேருந்தில் திருச்சியிலிருந்து வேதாரணியம் வரை போனால் ஒரு சிறிய விலங்குக் காட்சிசாலையைக் கடந்துவிடலாம். இவற்றுள் எனக்குப் பிடித்தது வேதாரணியத்து எலி. திருக்குறுக்கைப் பதிகத்தில் அப்பர் அதைப் பாடுகிறார். மறைக்காடு எனப்பட்ட வேதாரணியத்துக் கோயில் விளக்கில் நெய் குடிக்க வந்த எலியின் மூக்கைச் சுடர் சுட்டுவிட, அது துள்ளியதில் திரி தூண்டப்பட்டு விளக்கு நன்றாக எரிகிறது. அதற்குப் பரிசாக மண்ணும் விண்ணும் ஆளும் பிறவியைச் சிவன் கொடுத்துவிடுகிறார். மாவலியாகப் பிறந்தது அந்த எலிதான் என்பார்கள். எலிக்குப் பக்தி இல்லை, பசிதான் இருந்தது. அதை அப்பர் மறைக்கவும் இல்லை. 'கறைநிறத்து எலி' என்று நிறத்தைக்கூடச் சொல்கிறார். மூக்குச் சுட்ட எலியைப் பார்த்துச் சிரிக்காதவர் அந்த வரியை எழுதியிருக்க முடியாது.

அதே பதிகத்தில் திருவானைக்காச் சிலந்தியும் வருகிறது. இலிங்கத்தின் மேல் சருகு விழாதபடி வலைப்பந்தல் நெய்த சிலந்தி, அதை அழுக்கென்று கருதித் துடைத்த யானை, இரண்டும் மாறிமாறிச் செய்த தொண்டு, கடைசியில் இரண்டும் மடிந்தது, சிலந்தி கோச்செங்கட்சோழனாகப் பிறந்தது என்பது நாடறிந்த கதை. அவன் எழுபது மாடக்கோயில்கள் எடுத்ததாகத் திருமங்கையாழ்வார் திருநறையூர்ப் பாசுரத்தில் பாடுகிறார். யானை ஏறமுடியாத கட்டுமலைகளாக அவற்றைக் கட்டினான் என்று நம் ஊர்களில் சொல்வது, முற்பிறவிப் பகையைக் கட்டடக் கலையாக்கிய அபூர்வமான கற்பனை. ஆனால் இங்கே ஒன்றைக் கவனிக்க வேண்டும். எலிக்கும் சிலந்திக்கும் கிடைத்த பரிசு ஒன்றே. அவை இனி எலியாகவும் சிலந்தியாகவும் இருக்க வேண்டியதில்லை. நல்ல விலங்குக்குக் கைம்மாறு, விலங்காக இருப்பதிலிருந்து விடுதலை. திருவாசகத்தின் 'புல்லாகிப் பூடாய்ப் புழுவாய்' என்ற புகழ்பெற்ற அடியில் தொடங்கும் வரிசையும் இளைப்பைச் சொல்லும் வரிசைதான். எல்லாப் பிறப்பும் பிறந்து இளைத்தேன் என்றுதான் அது முடிகிறது.

தேரழுந்தூர்க் கம்பன் இந்த எல்லைக்கோட்டை வாலியின் வாயால் சோதித்துப் பார்க்கிறான். மறைந்து நின்று எய்த அம்பு மார்பில் கிடக்க, வாலி கேட்கிறான்: உங்கள் குலத்துக்கு விதித்த திருமண நெறியைக் குரங்குகளாகிய எங்களுக்குப் பிரமன் விதிக்கவில்லையே, பிறகு எந்த நெறிப்படி என்னைக் கொன்றாய்? நியாயமான கேள்வி. இராமன் தரும் விடையும் கூர்மையானது:

தக்க இன்ன, தகாதன இன்ன, என்று
ஒக்க உன்னலர் ஆயின், உயர்ந்துள
மக்களும் விலங்கே, மனுவின் நெறி
புக்கவேல், அவ் விலங்கும் புத்தேளிரே

உருவத்தால் யாரும் விலங்கும் இல்லை, மனிதரும் இல்லை. தக்கது தகாதது அறிவதுதான் கோடு. கேட்பதற்கு மிகப் பரந்த கொள்கை. ஆனால் இந்த இடத்தில் அது செய்யும் வேலை, வாலியிடமிருந்து அவனுடைய விலங்குத்தன்மையைப் பறித்து, அவனைத் தண்டிக்கத்தக்கவன் ஆக்குவது. சடாயுவுக்குத் தந்தையின் இடம் கிடைத்து, மகன் செய்யும் ஈமக்கடனும் கிடைக்கிறது. வாலிக்கு மனிதனுக்குரிய குற்றம் கிடைக்கிறது. கம்பன் இருவரையும் மேலே தூக்குகிறான். ஆனால் மேலே என்பது எப்போதும் மனிதனின் பக்கம்.

இந்தப் போக்குக்கு எதிராக ஒரு குரல் காவிரிப்பூம்பட்டினத்திலேயே ஒலித்தது. மணிமேகலையில் பௌத்தத் துறவி அறவண அடிகள் மணிமேகலைக்குச் சொல்லும் ஆபுத்திரன் கதையைச் சொல்கிறேன். இந்தக் காப்பியத்தை உ.வே.சாமிநாதையர் 1898இல் பதிப்பித்தார். அப்போது அவர் கும்பகோணம் கல்லூரியில் தமிழாசிரியர். பெற்ற தாய் இருளில் விட்டுவிட்டுப் போன குழந்தையை ஒரு பசு நாவால் நக்கி, ஏழு நாள் பால் ஊட்டிக் காக்கிறது. ஓர் அந்தணர் எடுத்து வளர்க்கிறார். வளர்ந்த பையன் ஒருநாள் வேள்விக்குக் கட்டிவைத்த பசுவைப் பார்க்கிறான். கொம்பில் பூமாலை சுற்றியிருக்கிறது. வலையில் அகப்பட்ட மானைப்போல அது நடுங்கிக் கதறுகிறது. அன்றிரவு அவன் அதை அவிழ்த்துக்கொண்டு போகிறான். வழியில் பிடித்துவிடுகிறார்கள். அடிக்கிறார்கள். அப்போது அந்தப் பசு, வேள்வி ஆசானின் குடலைக் கொம்பால் குத்திச் சரித்துவிட்டுக் காட்டுக்குள் ஓடுகிறது. பசு என்றால் சாந்தம் என்று பழகிய நமக்கு இந்த வரியைப் படிக்கும்போது கொஞ்சம் தூக்கிவாரித்தான் போடும். திருவாரூர்ப் பசு அரசனின் மணியை அடித்தது. இது யாரிடமும் முறையிடவில்லை.

ஆபுத்திரன் அவர்களைப் பார்த்துக் கேட்கும் கேள்வி எளியது. விடுநிலத்தில் முளைத்த புல்லைத் தின்று, பிறந்த நாள்முதல் எல்லாருக்கும் பால் தருகிறது, 'இதனொடு வந்த செற்றம் என்னை'? இதன்மேல் உங்களுக்கு என்ன பகை? அதற்கு அவர்கள் விடை சொல்லவில்லை. நீ மாட்டின் மகன், மனிதனே அல்ல, உனக்கு மறை என்ன தெரியும் என்று இழிக்கிறார்கள். அவன் அசரவில்லை. உங்கள் முனிவர்களில் அசலன் பசுவின் மகன், சிருங்கி மானின் மகன், விரிஞ்சி புலியின் மகன், கேசகம்பளன் நரியின் மகன் என்று அடுக்குகிறான். இந்த வரிசையில் எனக்கு வியப்பாக இருப்பது, அவன் தன்னை மாட்டின் மகன் என்பதை மறுக்கவே இல்லை என்பதுதான். 'நானும் மனிதன்தான்' என்று மன்றாடாமல், உங்கள் பெரியவர்களும் என் இனம்தான் என்கிறான். பிறகு ஊரில் அவன் பிச்சைப் பாத்திரத்தில் சோற்றுக்குப் பதில் கல் விழுகிறது. மதுரைக்குப் போய், பிச்சை ஏற்றதைக் கண்ணில்லாதவருக்கும் காலில்லாதவருக்கும் கொடுத்து மிச்சத்தை உண்கிறான். அங்கேதான் அமுதசுரபி அவன் கைக்கு வருகிறது. அடுத்த பிறவியில் சாவக நாட்டில் மறுபடியும் ஒரு பசுவின் வயிற்றில்தான் அவன் பிறக்கிறான். சிலந்தி அரசனாகப் பிறந்ததோடு இதை ஒப்பிட்டுப் பார்க்கலாம். அவனும் அரசனாகிறான், ஆனால் தாய் பசுவாகவே இருக்கிறாள்.

சேக்கிழாருக்குத் திரும்பி வருகிறேன், ஏனென்றால் மாடு மேய்ப்பவர்களைப் பற்றி அவரைவிட அதிகமாக எழுதிய பெரும்புலவர் நம் பக்கத்தில் இல்லை. லால்குடி அருகே திருமங்கலத்து ஆனாயர் குழல் ஊதினால் கன்று பால் குடிப்பதை மறந்து நுரை வாயோடு நிற்கிறது, பாம்பு மயங்கி மயிலின் மேலேயே விழுகிறது. அழகுதான், ஆனால் இது குழலின் புகழ். மண்ணியாற்றங்கரைச் சேய்ஞலூர்க் கதை இன்னும் சிக்கலானது. முட்ட வந்த பசுவை ஓர் இடையன் கோலால் அடிக்கிறான். அதைப் பார்த்த விசாரசருமர் என்ற சிறுவர் அவனைத் தடுத்து, இனி நானே மேய்க்கிறேன் என்று மந்தையை ஏற்றுக்கொள்கிறார். பசுக்கள் பெருகுகின்றன, தாமாகவே பால் சொரிகின்றன, அவர் பின்னால் சண்டேசுரர் ஆகிறார். அடித்த இடையனுக்கு வேலை போயிற்று. அவன் பெயரும் இல்லை, பிறகு என்ன ஆனான் என்ற செய்தியும் இல்லை. நாள் முழுதும் மந்தையோடு வெயிலில் நிற்பவன் ஒருமுறை கோலை ஓங்கியது, வேதம் படித்த சிறுவரின் கருணைக்கு முன்னால் வைத்து அளக்கப்படுகிறது. மாட்டோடு வாழ்பவனின் பழக்கம் ஒன்று, மாட்டின்மேல் இரங்குபவனின் அறம் ஒன்று; இலக்கியம் பெரும்பாலும் இரண்டாவதன் பக்கமே நின்றிருக்கிறது.

சாத்தனூர் மூலன் கதையில் மட்டும் சேக்கிழார் இந்த எளிய கணக்கைத் தாண்டிப் போகிறார். திருவாவடுதுறைப் பக்கம் மூலன் என்ற ஆயன் மேய்ச்சல் வெளியில் திடீரென்று இறந்து கிடக்கிறான். பசுக்கள் அவன் உடலைச் சுற்றிச் சுற்றி வந்து, மோந்து, நக்கி, கதறுகின்றன. வடக்கேயிருந்து வந்த சிவயோகியார் அந்தத் துயரத்தைத் தாங்கமாட்டாமல், தன் உடலை ஓரிடத்தில் பாதுகாப்பாக வைத்துவிட்டு மூலனின் உடலுக்குள் புகுகிறார். எழுந்த உடலைப் பசுக்கள் வால் உயர்த்தி நக்கிக் களிக்கின்றன. அவர் அவற்றை மேய்த்து, நீர் காட்டி, மாலையில் பின்தொடர்ந்து ஊர் வரை வருகிறார். பசுக்கள் தத்தம் வீட்டுக்குள் போய்விடுகின்றன. மூலனின் மனைவி, கணவர் ஏன் இன்னும் வரவில்லை என்று தேடி வருகிறாள். தொட வந்தவளை அவர் விலக்கி, உனக்கும் எனக்கும் உறவில்லை என்று சொல்லிப் பொதுமடத்தில் போய் அமர்ந்துவிடுகிறார். மாடுகளுக்கு உடலும் அதன் மணமும் போதுமானவையாக இருந்தன. அவற்றின் துயர் தீர்ந்தது. அந்தப் பெண்ணுக்கு அதே உடல் இருந்தும் ஆள் இல்லை. ஒரே செயலில் மந்தைக்கு ஆறுதலும் மனைவிக்குக் கைம்மையும் வந்து சேர்வதைச் சேக்கிழார் ஒரு விளக்கமும் தராமல் அடுத்தடுத்து வைத்துவிட்டுப் போகிறார். திருமந்திரம் என்ற மூவாயிரம் பாடல்களும் இந்தச் சம்பவத்திலிருந்துதான் பிறந்தன என்பது மரபு. பசுக்களின் அழுகையைத் தாங்காமல் நின்றுபோன ஒரு பயணத்தில் பிறந்த நூலில், 'யாவர்க்குமாம் பசுவுக்கு ஒரு வாயுறை', பசுவுக்கு ஒரு வாய்த் தீனி கொடுப்பது யாருக்கும் முடியும், என்ற வரி இருப்பதில் வியப்பில்லை.

நான் எதிர்பாராத இடம் என்று தொடக்கத்தில் சொன்னது நந்தனார் புராணத்தைத்தான். நந்தனார் என்றதும் நமக்கு நினைவுக்கு வரும் விலங்கு திருப்புன்கூர் நந்தி. கோபாலகிருஷ்ண பாரதியின் கீர்த்தனையைப் பாடாத பஜனை மடம் ஒருகாலத்தில் தஞ்சை மாவட்டத்தில் இருந்திருக்காது. மலைபோல் படுத்த அந்த மாடு வழிவிட்டதா என்பதே அங்கே முழுக் கதையும். அதுவும் கல்மாடு, அதுவும் சாட்சி. ஆனால் சேக்கிழார் தம் புராணத்தைத் தொடங்கும்போது ஆதனூரின் புலைப்பாடியை நின்று பார்க்கிறார். கூரிய நகமுள்ள பெட்டைக்கோழியின் குஞ்சுகள் கூட்டமாகச் சுற்றித் திரியும் முற்றம். அங்கே துள்ளும் நாய்க்குட்டியை, கையில் இரும்புக் காப்புப் போட்ட கறுத்த சிறுவர்கள் கவர்ந்துகொண்டு ஓடுகிறார்கள். அந்தக் குட்டியின் சின்னஞ்சிறு குரைப்பு, சிறுவர்கள் அரையில் கட்டிய இரும்பு மணியின் ஓசையில் அமுங்கிப்போகிறது. அடுத்த பாட்டில், மருதமர நிழலில் தோலின்மேல் குழந்தையை உறங்கவைக்கும் உழத்தி. வஞ்சிமர நிழலில் புதைத்த பானைக்குள் அடைகாக்கும் கோழி. மாமரங்களில் தொங்கும் பறைகள். தென்னைகளின் அடியில் குட்டி ஈன்ற நாயின் வளை. பெரியபுராணம் முழுவதிலும் இவ்வளவு நெருக்கமாக எந்த உயிரையும் அவர் பார்க்கவில்லை என்றே நினைக்கிறேன். அந்த நாய்க்குட்டி முற்பிறவியில் யாரும் அல்ல. அடுத்த பிறவியில் எதுவும் ஆகப்போவதும் இல்லை. சிறுவர்களின் அன்பு அதற்குத் தொந்தரவாகத்தான் இருக்கிறது.

இதே புராணம் இன்னொன்றையும் சொல்கிறது. கோயில் பேரிகைகளுக்குப் போர்வைத் தோலும் விசிவாரும், வீணைக்கும் யாழுக்கும் நரம்பும், பூசைக்குக் கோரோசனையும் கொடுத்தது நந்தனாரின் தொண்டு. இவை அனைத்தும் செத்த மாட்டிலிருந்து வருபவை. உயிரோடிருக்கும் பசுவுக்கு அரண்மனை மணி. அது செத்த பிறகு சுமந்து, உரித்து, பதப்படுத்தியவர்களுக்குக் கோயில் வாசலுக்கு வெளியே இடம். நம் படுகையில் மனித–விலங்கு உறவைப் பேசும்போது இந்த நடுவில் நின்றவர்களை விட்டுவிட்டுப் பேசினால் அது பாதிக் கதை. பண்ணையாளுக்குச் சாட்டையடியோடு, சாணத்தைக் கரைத்த சாணிப்பால் புகட்டும் தண்டனை தஞ்சைப் பண்ணைகளில் இருந்தது, 1940களில் பொதுவுடைமைத் தலைவர் பி. சீனிவாசராவும் தோழர்களும் கட்டிய இயக்கம்தான் அதற்கு முடிவு கட்டப் போராடியது. கோமாதா என்று வணங்கிய அதே கொட்டிலிலிருந்துதான் அந்தச் சாணியும் வந்தது.

ஆதனூர்ப் பாடல்களுக்கு முன்னோடி என்று ஒன்றைச் சொல்ல வேண்டுமானால் பட்டினப்பாலையைச் சொல்வேன். கரும்பாலையின் சூட்டில் வயலின் நெய்தல் வாடுகிற சோழநாட்டில், விளைந்த செந்நெல் கதிரை வயிறாரத் தின்ற எருமைக்கன்று, நெற்கூட்டின் நிழலில் படுத்துத் தூங்குகிறது. அவ்வளவுதான். கடியலூர் உருத்திரங்கண்ணனார் அந்தக் கன்றிடமிருந்து எந்த நீதியையும் கறக்கவில்லை. நெல்லைத் தின்றதற்காக யாரும் அதை விரட்டவும் இல்லை. கம்பனின் நாட்டுப் படலத்து எருமைகளும் இதே குடும்பம்: ஊரில் கட்டிவிட்டு வந்த கன்றை நினைத்த மாத்திரத்தில் அவற்றின் மடி சுரந்து வயலில் வழிய, அந்தப் பாலில் நெல் தழைக்கிறது. மிகைதான், ஆனால் கறவை எருமையோடு வாழ்ந்தவனின் மிகை. கன்றை நினைத்தால் மடி சுரக்கும் என்பது கொட்டிலில் நின்றவனுக்குத்தான் தெரியும். சரயு நதி பாயும் கோசலம் என்று பெயர் போட்டிருந்தாலும், அந்த எருமைகள் தேரழுந்தூர் வாய்க்காலில் கிடந்தவை என்பதில் எனக்கு ஐயமே இல்லை.

புதுக் கவிதைக்கு வந்தால், மயிலாடுதுறைத் திருஇந்தளூரில் பிறந்த ஞானக்கூத்தனின் நாய் ஒன்று உண்டு. 1973இல் வந்த 'அன்று வேறு கிழமை' தொகுப்பின் தலைப்புக் கவிதையில் அது பாடையின் கீழே நிழலுக்காகப் பதுங்கிப் போகிறது. சாவு ஊர்வலத்துக்கு நாய் வந்தால் பழைய காப்பியத்தில் அது எமதருமன் ஆகியிருக்கும், அல்லது எசமானின் பிரிவைத் தாங்காமல் உயிர் விட்டிருக்கும். இந்த நாய்க்கு வெயில் சுடுகிறது. மேலே போவது பிணம் என்பது அதற்கு ஒரு பொருட்டில்லை. ஆதனூர்க் குட்டிக்கு இது தூரத்துச் சொந்தம்.

இதற்குப் பிறகு படுகையில் நிலைமை வேகமாக மாறிவிட்டது. நடவுக்குச் சேறு கலக்கிச் சேடை ஓட்ட டிராக்டர், அறுப்புக்கு இயந்திரம் என்று வந்தபின் உழவுமாட்டுச் சோடி உள்ள வீடுகள் அருகிவிட்டன. போரடிக்கும் களமே இல்லாதபோது மாட்டைப் பிணைத்து ஓட்டுவது எங்கே? கறவை மாடு மிஞ்சியிருக்கிறது, அதுவும் பெரும்பாலும் கலப்பினம். நெல்லையும் மாட்டையும் ஒரே மூச்சில் பாடிய மருதத்துப் புலவர் இன்று வந்தால் கொஞ்சம் திகைத்துத்தான் போவார். ஆனால் சம்பா அறுவடை முடிந்ததும் தெற்கே இராமநாதபுரம், சிவகங்கைப் பக்கமிருந்து ஆட்டு மந்தைகள் வருவது இன்னும் நிற்கவில்லை. இரவில் வயலில் கிடை போடுவார்கள். எருவுக்காக நிலக்காரர் கூலி கொடுப்பார். திருவாரூர் மாவட்டத்துச் சு. தமிழ்ச்செல்வியின் 'கீதாரி' நாவல் அந்த மக்களுடையது. ஆடு அதில் தெய்வமும் இல்லை, உவமையும் இல்லை. அது சொத்து, பிழைப்பு, கவலை, இரவுக் காவல். மனிதர்கள் அதன் காலடியைப் பின்தொடர்ந்தே ஊர் ஊராகப் போகிறார்கள். யார் யாரை மேய்க்கிறார்கள் என்பது சில நேரம் தெளிவாகத் தெரிவதில்லை. சேய்ஞலூரில் பெயர் இல்லாமல் விடப்பட்ட அந்த இடையனின் பக்கத்திலிருந்து எழுதினால் கதை எப்படி இருக்கும் என்பதற்கு எனக்குக் கிடைத்த நெருங்கிய விடை இந்த நாவல்தான்.

அறுத்த வயல்களில் ஆயிரக்கணக்கில் வாத்துகளை இறக்கி, சிந்திய நெல்லை மேயவிட்டு, முட்டை பொறுக்கி, அடுத்த ஊருக்கு ஓட்டிப்போகும் வாத்து மேய்ப்பவர்களையும் நாம் ஆண்டுதோறும் பார்க்கிறோம். அவர்களைப் பற்றி ஒரு நல்ல சிறுகதைகூட இதுவரை என் கண்ணில் படவில்லை. படித்தவர்கள் யாராவது இருந்தால் பெயரைச் சொல்லுங்கள், வாங்கிப் படிக்கிறேன்.